‘இதர’ ஃபோல்டரில் ஓர் ஊர்

மார்ச் 4

டீச்சருக்கு,

நீங்களும் மருமகளும் நல்லபடியாகப் போய்ச் சேர்ந்ததாக அவள் போனில் சொன்னாள். இந்தக் கடிதத்தை அவளிடம் காட்டாதீர்கள். வயிற்றில் பிள்ளையோடு இருக்கிறாள், ஏழு மாதம் ஆகிறது, கவலைப்படக் கூடாது. உங்கள் போனில் வருவதையெல்லாம் அவள்தான் படித்துச் சொல்கிறாள், அதனால்தான் தபாலில் எழுதுகிறேன். "சம்பந்திங்களுக்குள்ள என்னம்மா லெட்டர்?" என்று கேட்டால், கண் ஆபரேஷனுக்கு வந்து கூட இருந்ததற்கு நன்றிக் கடிதம் என்று சொல்லுங்கள். நன்றியும் இருக்கிறது. கடைசியில் எழுதுகிறேன்.

கட்டுப் பிரித்து வந்ததும் கம்ப்யூட்டரைத் திறந்தேன். பஸ் கேம் திறக்கவில்லை. ஐகானைத் தட்டினால் ‘ஃபைலைக் காணோம்’ என்கிறது. உள்ளே போய்ப் பார்த்தால் அது என் கம்ப்யூட்டர் மாதிரியே இல்லை. படங்கள், பாட்டுகள், எழுத்து, இதர என்று நான்கு ஃபோல்டர். யாரோ வீட்டுக்குள் நுழைந்துவிட்டது போல இருந்தது.

நான் பக்கத்து அறையில் கண்ணைக் கட்டிக்கொண்டு படுத்திருந்தபோது டக் டக்கென்று மவுஸ் சத்தம் கேட்டது. "என்ன டீச்சர் செய்றீங்க?" என்றேன். "சும்மா, கொஞ்சம் ஒழுங்குபடுத்துறேன்" என்றீர்கள். மேசையைத்தான் சொல்கிறீர்கள் என்று நினைத்துவிட்டேன்.

என் பையன், உங்கள் மாப்பிள்ளை, எப்படிப்பட்டவன் என்று உங்களுக்குத் தெரியும். போனில் பேசினால் "ம்", "சரி", "பார்க்கலாம்". அதற்கு மேல் வராது. ஆனால் அந்தக் கேமில் பஸ் ஓட்டும்போது பேசுவான். ஸ்டியரிங்கில் கை இருந்தால் அவனுக்கு வாய் திறக்கும். அவன் வேலை பார்க்கும் பாலம் கட்டும் இடத்தில் ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான் அவனுக்கு ஒழுங்காக நெட் கிடைக்கிறது. ரோடு, பாலம், பஸ் ஸ்டாண்ட் எல்லாம் நானே போட்டு உண்டாக்கிய ஊர் அது. அவன் ஓட்டுவான், நான் கண்ட்ரோல் ரூமில் நேரம் பார்ப்பேன். வேலையில் இருந்த காலமெல்லாம் பஸ் நிலையத்தில் டைம் கீப்பராக உட்கார்ந்தவள் வேறென்ன விளையாடுவாள்?

ஒன்று நேராகக் கேட்கிறேன். மருமகள் உங்களிடம் சொன்னது என் காதில் விழுந்தது. "வாரத்துக்கு ஒரு நாள்தாம்மா லைன் கிடைக்குது. அதையும் அம்மாவும் பிள்ளையும் பஸ் ஓட்டியே தீர்த்துடுறாங்க." இப்போது பஸ் ஓடவில்லை. டீச்சர், நீங்கள் தெரியாமல் செய்தீர்களா, தெரிந்தே செய்தீர்களா?

பையனிடம் சொன்னால் அவன் பெண்டாட்டியைக் கேட்பான், அவள் உங்களைக் கேட்பாள், வீடு இரண்டாகும். அதனால் சொல்லவில்லை. அடுத்த பரிசோதனை வரை திரையைப் பார்க்கக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டதாகச் சொல்லியிருக்கிறேன். பரிசோதனை இந்த மாதக் கடைசியில். அதற்குள் என் ஊர் எனக்குத் திரும்ப வேண்டும்.

சொட்டு மருந்தை நேரம் தவறாமல் விட்டீர்கள். அதற்கு நன்றி.

சம்பந்தி


மார்ச் 9

அன்புள்ள சம்பந்திக்கு,

உங்கள் கடிதத்தை மொட்டை மாடியில், துணி காயப்போடும் சாக்கில் படித்தேன். உங்கள் கேள்விக்கு முதலில் பதில். தெரியாமல்தான் செய்தேன். என் பெண் பக்கம் நான் நிற்பேன், அதை மறைக்கவில்லை. அவளுக்கு அந்தக் குறை இருப்பதும் உண்மை. ஆனால் அதற்காக உங்கள் கம்ப்யூட்டரைக் கெடுக்கும் அளவுக்கு எனக்கு அதைப் பற்றி ஒன்றும் தெரியாது. இதை என் நல்ல குணத்துக்குச் சாட்சியாகச் சொல்லவில்லை. என் அறியாமைக்குச் சாட்சியாகச் சொல்கிறேன்.

நான் செய்தது இதுதான். உங்கள் கம்ப்யூட்டரில் ஒரு ஃபோல்டருக்குள் படமும் பாட்டும் எழுத்தும் கலந்து கிடந்தன. நான்காம் வகுப்பு அலமாரியில் வண்ணப் பென்சிலும் சாக்பீஸும் ஒரே டப்பாவில் கிடந்தால் என் கை சும்மா இருக்காது. படங்களைப் படங்களோடு வைத்தேன், ஒலிகளைப் பாட்டுகளோடு வைத்தேன். என்னவென்று தெரியாததை ‘இதர’ என்று ஒரு ஃபோல்டர் திறந்து போட்டேன். முடித்துவிட்டுப் பார்த்தபோது மனசுக்கு நிறைவாக இருந்தது. அதை நினைத்தால்தான் இப்போது வெட்கமாக இருக்கிறது.

என்ன தவறு என்று யோசித்துப் பார்த்தேன். ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தில் ஒருவர் புகுந்து, குழந்தைகளையெல்லாம் முதல் மாடிக்கும், தாத்தாக்களையெல்லாம் இரண்டாம் மாடிக்கும், அம்மாக்களையெல்லாம் மூன்றாம் மாடிக்கும் அனுப்பிவிட்டு, "இப்போது எவ்வளவு ஒழுங்காக இருக்கிறது" என்று சொன்னால் எப்படி? அதைத்தான் நான் செய்திருக்கிறேன். ஒரு கேமின் ஃபைல்கள் ஒரே குடும்பம். யார் எங்கே உட்கார்ந்திருப்பார்கள் என்று கேமுக்குத் தெரியும். அங்கே போய்க் கூப்பிடும். ஆள் இல்லையென்றால் நின்றுவிடும்.

நானே கெடுத்தேன், நானே உங்களோடு இருந்து சரிசெய்வேன். என்னிடம் கம்ப்யூட்டர் இல்லை. ஆனால் தெருமுனை நூலகத்தில் இருக்கிறது. நாளையிலிருந்து போகிறேன்.

அதுவரை இரண்டு காரியம். முதலாவது, எதையும் அழிக்காதீர்கள். நான்கு ஃபோல்டரும் அப்படியே இருக்கட்டும். இரண்டாவது, டெஸ்க்டாப்பில் இருக்கும் அந்த ஐகான் வெறும் பெயர்ப் பலகைதான், கடை அங்கே இல்லை. மவுஸின் வலது பொத்தானை அழுத்தினால், கடை எங்கே இருக்கிறது என்று காட்டச் சொல்லும் ஒரு வரி வரும். அதைத் தட்டி, எங்கே கொண்டுபோய் நிறுத்துகிறது, அங்கே என்ன மிச்சம் இருக்கிறது என்று எழுதுங்கள். கண்ணை வருத்தாமல் கொஞ்சம் கொஞ்சமாகப் பாருங்கள்.

அன்புடன்,
சம்பந்தி


மார்ச் 14

டீச்சருக்கு,

அடுக்குமாடி உதாரணம் நன்றாக இருந்தது. படித்துவிட்டு இன்னும் கோபம் வந்தது.

நீங்கள் சொன்னபடி பெயர்ப் பலகையைத் தட்டினேன். கடை இருக்கிறது. உள்ளே சரக்கு இல்லை. ஏதோ நான்கைந்து ஃபைல் மட்டும் மூலையில் கிடக்கிறது.

கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்க என்னால் முடியவில்லை. நெட்டில் இருந்து இறக்கியதெல்லாம் ‘டவுன்லோட்ஸ்’ ஃபோல்டரில் இருக்கும் என்று பையன் ஒரு தடவை சொன்னது ஞாபகம் வந்தது. போய்ப் பார்த்தேன். கேமை முதலில் போட்டானே, அந்த ஃபைல் அங்கேயே இருந்தது. அது உங்கள் கண்ணுக்குத் தப்பியிருக்கிறது. தட்டினேன். "பழைய இடத்திலேயே போடட்டுமா?" என்று கேட்டது. "போடு" என்றேன். போட்டது.

கேம் திறந்தது, டீச்சர். ஆனால் உள்ளே என் ஊர் இல்லை. கேமோடு வரும் ஏதோ ஒரு ஊர், ஆளில்லாத ரோடு, பெயரில்லாத நிறுத்தங்கள். என் தண்ணீர்த் தொட்டி முக்கு இல்லை, பழைய பாலம் இல்லை, நான் பார்த்துப் பார்த்து வளைத்த அந்த மேட்டு வளைவு இல்லை. வீட்டைத் திரும்பக் கட்டிக் கொடுத்துவிட்டு, குடியிருந்தவர்களைக் கேட்டால் தெரியாது என்பது போல.

கம்ப்யூட்டர் ரிப்பேர் செய்கிறவனுக்குப் போன் போட்டேன். அவன் எடுத்து "சொல்லுங்கம்மா" என்றதும்தான் அவன் என் பையனின் கூட்டாளி என்பது உறைத்தது. "தப்பா கை பட்டுடுச்சுப்பா" என்றேன். "பரவால்லம்மா, பஸ்ஸெல்லாம் டயத்துக்கு ஓடுதா?" என்று சிரிக்கிறான். ஓடுகிறது என்றேன். இப்படிப் பொய் சொல்லும்படி வைத்துவிட்டீர்கள்.

நான் விடப்போவதில்லை. அடுத்து என்ன செய்ய வேண்டும்?

சம்பந்தி


மார்ச் 18

அன்புள்ள சம்பந்திக்கு,

நீங்களாகவே கேமைத் திரும்பப் போட்டதைப் படித்து நூலகத்தில் வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். எதிரே பேப்பர் படித்துக்கொண்டிருந்தவர் முறைத்தார்.

இனி ஊரைத் தேடுவோம். அந்தக் கேமின் உதவிப் பக்கங்களை அகராதியோடு உட்கார்ந்து படித்தேன். நான் புரிந்துகொண்டது இது. பள்ளிக்கூடக் கட்டடம் ஒன்று, பிள்ளைகளின் நோட்டுகள் இன்னொன்று. கேம் என்பது கட்டடம். இடிந்தால் மறுபடி கட்டிக்கொள்ளலாம், நீங்கள் கட்டிவிட்டீர்கள். உங்கள் ஊர் என்பது நோட்டு. அதைக் கட்டடத்துக்குள் வைக்காமல் வேறோர் இடத்தில் சேமித்து வைக்கிறது. ஆகவே கட்டடம் இடிந்ததால் நோட்டு அழிந்திருக்காது. நான்தான் அதையும் எங்கோ தூக்கி வைத்திருப்பேன்.

எங்கிருந்து தூக்கினேன் என்று எனக்கு நினைவில்லை. அதற்கு ஒரு வழி கண்டுபிடித்திருக்கிறேன். ஒருவர் வீடு தெரியாவிட்டால், அவருக்கு ஒரு கடிதம் போட்டுவிட்டுத் தபால்காரர் பின்னாலேயே நடந்து போவதில்லையா, அது போல. கேமைத் திறந்து புதிதாக ஓர் ஊரை ஆரம்பியுங்கள். ஒரு ரோடு போதும். அதற்கு ‘சோதனை’ என்று பெயர் வைத்துச் சேமித்துவிட்டு வெளியே வாருங்கள். பிறகு கம்ப்யூட்டரின் தேடும் கட்டத்தில் ‘சோதனை’ என்று எழுதித் தேடுங்கள். அது எந்த ஃபோல்டரில் கிடைக்கிறதோ, அதுதான் நோட்டு வைக்கும் அலமாரி.

அதன் பெயரின் வாலைக் கவனியுங்கள். புள்ளிக்குப் பின்னால் சில எழுத்துகள் இருக்கும். ஒரே பள்ளிப் பிள்ளைகளுக்கு ஒரே சீருடை என்பது போல, உங்கள் பழைய ஊருக்கும் அதே வால்தான் இருக்கும். ‘இதர’வில் அந்த வால் உள்ளவற்றைப் பாருங்கள். நிறைய இருந்தால் மிரள வேண்டாம். பெயரை விட்டுவிட்டுத் தேதி வரிசையில் அடுக்கச் சொல்லுங்கள். ஆபரேஷனுக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை எது? அன்றைய தேதி போட்டிருப்பதுதான் நீங்கள் கடைசியாக விளையாடியது.

கிடைத்ததும் தூக்கி வைக்காதீர்கள். நகல் எடுத்து, நகலை அலமாரியில் வையுங்கள், அசல் இருந்த இடத்திலேயே இருக்கட்டும். இதை யாராவது எனக்கு முன்பே சொல்லியிருக்கலாம்.

நூலகர் நேற்று என் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தார். "யாருக்கு டீச்சர் இந்த பஸ் கேமு? பேரனுக்கா?" என்றார். "எனக்குத்தான்" என்றேன்.

அன்புடன்,
சம்பந்தி


மார்ச் 22

டீச்சருக்கு,

கிடைத்துவிட்டது.

சோதனை ஊர் போட்டு, தபால்காரர் பின்னாலேயே போய், அலமாரியைக் கண்டுபிடித்தேன். ‘இதர’வில் அந்த வாலோடு ஒரு கூட்டமே இருந்தது. தேதி வரிசையில் அடுக்கியதும் மேலே வந்து நின்றது. நகல் எடுத்து வைத்தேன், கேமைத் திறந்தேன். தண்ணீர்த் தொட்டி முக்கு, பழைய பாலம், மேட்டு வளைவு, எல்லாம் அப்படியே. கடைசி ஞாயிறு பையன் டிப்போவில் கோணலாக நிறுத்திவிட்டுப் போன பஸ் அதே கோணலோடு நிற்கிறது. "நேரா நிறுத்துடா" என்று அன்றைக்குத் திட்டியிருந்தேன். இப்போது அந்தக் கோணலைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன்.

உடனே உங்களுக்கு எழுத நினைத்தேன். சரி, ஒரு நடை ஓட்டிப் பார்த்துவிட்டு எழுதலாம் என்று பஸ்ஸை எடுத்தேன்.

டீச்சர், ஒவ்வொரு தடத்துக்கும் நிறுத்தங்களின் பெயரை நானே மைக்கில் சொல்லிப் பதிந்து வைத்திருந்தேன். பஸ் நிலையத்தில் சொன்ன அதே குரல், அதே இழுப்பு. அந்தச் சத்தமெல்லாம் உங்கள் ‘பாட்டுகள்’ ஃபோல்டருக்குள் போயிருந்தது. அதையும் நகல் எடுத்துத் தடம் தடமாக வைத்தேன். ஆனால் எந்தத் தடத்தில் போனாலும் ஒரே பாட்டுதான். பஸ் ஆஸ்பத்திரி வாசலில் நிற்கிறது, என் குரல் "காய்கறி மார்க்கெட்" என்கிறது. பாலத்தில் நிற்கிறது, "காய்கறி மார்க்கெட்டுக்குப் பின்பக்கம்" என்கிறது. ஊர் முழுக்கக் காய்கறி மார்க்கெட்.

மற்ற தடங்களின் குரல் எங்கே? தேதி வரிசையில் தேடிவிட்டேன், வாலை வைத்துத் தேடிவிட்டேன். எங்கே வைத்தீர்கள்?

சம்பந்தி


மார்ச் 26

அன்புள்ள சம்பந்திக்கு,

எங்கேயும் வைக்கவில்லை. அவை இல்லை.

ஒவ்வொரு தடத்தின் ஃபோல்டரிலும் ‘நிறுத்தம் 1’, ‘நிறுத்தம் 2’ என்று ஒரே மாதிரிப் பெயர்கள் இருந்தன. எல்லாவற்றையும் ஒரே ஃபோல்டருக்குள் நான் கொண்டுபோனபோது, "இதே பெயரில் ஏற்கெனவே ஒன்று இருக்கிறது, அதை எடுத்துவிட்டு இதை வைக்கட்டுமா?" என்று கம்ப்யூட்டர் கேட்டது. ஒரு முறை அல்ல, ஒவ்வொரு முறையும் கேட்டது. ஒரே பாடத்தின் இரண்டு பிரதி எதற்கு என்று நினைத்து ஒவ்வொரு முறையும் "ஆம்" என்றேன். ஒரே பெயருள்ள இரண்டு பிள்ளைகள் வகுப்பில் இருந்தால் ஒருவனை வீட்டுக்கு அனுப்பிவிடுவேனா? இங்கே அதைத்தான் செய்தேன். கடைசியாக வந்தது காய்கறி மார்க்கெட் தடம். அதனால் அது மட்டும் பிழைத்தது. மேலெழுதப்பட்டவை குப்பைக் கூடைக்குக்கூடப் போவதில்லை என்று நூலகத்தில் படித்தேன்.

இல்லாததைத் தேடச் சொல்லி உங்களை அலைய வைக்க மாட்டேன். இப்போது எனக்குத் தோன்றுவது ஒன்றுதான். என் பெண்ணிடமும் மாப்பிள்ளையிடமும் நானே சொல்லிவிடுகிறேன். திட்டு வாங்க வேண்டியவள் நான். நீங்கள் எதற்கு ரிப்பேர்க்காரரிடம் பொய் சொல்லிக்கொண்டிருக்க வேண்டும்? சரி என்று ஒரு வரி எழுதுங்கள், அன்றே சொல்லிவிடுகிறேன்.

அன்புடன்,
சம்பந்தி


மார்ச் 30

டீச்சருக்கு,

சொல்லக் கூடாது. இவ்வளவு தூரம் வந்துவிட்டு வழியில் இறங்குவதா?

இரண்டு நாள் கம்ப்யூட்டரைத் திறக்கவில்லை. பிறகு மைக்கைத் தேடி எடுத்தேன். பஸ் நிலையத்தில் தினம் தினம் புதிதாகத்தானே கத்தினேன், யார் பதிந்து வைத்தார்கள்? இன்னொரு தடவை சொல்லிவிட்டுப் போகிறேன். டாக்டர் கண்ணைப் பார்த்தார். நன்றாக இருக்கிறதாம், ஆனால் தொடர்ந்து திரையைப் பார்க்கக் கூடாதாம். பையனிடம் சொன்ன பொய் கடைசியில் உண்மையாகிவிட்டது. அவனிடம் இன்னும் இரண்டு ஞாயிறு பொறுக்கச் சொல்லியிருக்கிறேன்.

எல்லாத் தடத்தையும் நானே சொல்லப்போவதில்லை. ஏழாம் தடம் உங்களுடையது. கெடுத்தவர் ஒரு தடமாவது ஓட்ட வேண்டும். இதோ நிறுத்தங்கள்: டிப்போ, தண்ணீர்த் தொட்டி முக்கு, பழைய பாலம், பிரசவ ஆஸ்பத்திரி, மேட்டு வளைவு, கடைசி நிறுத்தம். கூடவே ஒரு பென் டிரைவ் வைத்திருக்கிறேன். பெயரை மட்டும் சொல்லுங்கள். வகுப்பு எடுக்காதீர்கள்.

என் பையன் கேட்டால் "புதுக் கண்டக்டர்" என்று சமாளித்துக்கொள்கிறேன்.

முதல் கடிதத்தில் கேட்ட கேள்வியைத் திரும்ப வாங்கிக்கொள்கிறேன். தெரிந்து கெடுத்தவர் அகராதியோடு நூலகத்தில் உட்கார்ந்திருக்க மாட்டார். ஆனால் மருமகள் சொன்னது இன்னும் என் மனசில் இருக்கிறது. அவள் சொன்னதில் பொய் இல்லை என்பதுதான் உறுத்துகிறது.

சம்பந்தி


ஏப்ரல் 5

அன்புள்ள சம்பந்திக்கு,

பென் டிரைவ் இத்துடன். பெரிய அறையில் டிவி ஓடிக்கொண்டிருந்ததால் படுக்கை அறைச் சுவர்ப் பக்கம் திரும்பி நின்று போனில் பேசினேன். ஜெராக்ஸ் கடைக்காரர் இதில் ஏற்றிக் கொடுத்தார். "ஸ்கூல் வேனுக்காம்மா?" என்று கேட்டார். என் குரலை நானே கேட்பதற்குக் கூச்சமாக இருந்ததால் போட்டுப் பார்க்கவில்லை. பிழை இருந்தால் சொல்லுங்கள், மறுபடி எழுதச் சொன்னால் எழுதும் மாணவி நான்.

ஒவ்வொரு ஒலிக்கும் பெயரின் தலையில் தட எண்ணைச் சேர்த்திருக்கிறேன். ‘தடம் 7 நிறுத்தம் 1’ என்பது போல. உங்களுடையவற்றுக்கும் அப்படியே வைத்து, கேமிலும் அந்தப் பெயரையே காட்டிவிடுங்கள். எல்லாம் முடிந்ததும் ஊரையும் குரல்களையும் சேர்த்து இதே பென் டிரைவில் ஒரு நகல் எடுத்துப் பீரோவில் வைத்துவிடுங்கள். அடுத்த முறை உங்கள் வீட்டுக்கு வரும்போது உங்கள் கம்ப்யூட்டர் இருக்கும் அறைக்குள் நான் வரப்போவதில்லை.

அன்புடன்,
சம்பந்தி


ஏப்ரல் 14

டீச்சருக்கு,

நேற்று ஞாயிறு. பஸ் ஓடியது. விவரமாக எழுதுகிறேன்.

நீங்கள் அனுப்பியதைப் போட்டுப் பார்க்கவில்லை என்றீர்கள். நான் பார்த்தேன். டிப்போ, தண்ணீர்த் தொட்டி முக்கு எல்லாம் சரி. "பழைய பாலம்" என்றுவிட்டு "மெதுவா இறங்குங்க, தள்ளாதீங்க" என்று சேர்த்திருக்கிறீர்கள். வகுப்பு எடுக்காதீர்கள் என்று எழுதியிருந்தேன். போகட்டும். பிரசவ ஆஸ்பத்திரிக்கு வந்தேன். நீங்கள் "பிரசவ ஆஸ்பத்திரி" என்கிறீர்கள். உடனே பின்னால் இருந்து மருமகள் குரல்: "அம்மா, செவுத்தோட யாருகிட்ட பேசிட்டிருக்கீங்க?" அதற்கு நீங்கள்: "நீ போய் உட்காரு. பஸ் வருது." அவள் சிரிக்கிறாள். அத்தோடு முடிகிறது.

அதை வெட்டிவிடலாம். எப்படி வெட்டுவது என்று எனக்குத் தெரியும். மவுஸில் கை வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் இருந்தேன். அந்தக் குரல் உள்ளே போனால் பையன் கேட்பான். கேட்டால் எல்லாம் வெளியே வரும். அது மட்டுமில்லை. ஞாயிறு ஒரு மணி நேரம் எனக்கென்று வைத்திருந்தேன். அதற்குள் அவளும் வந்து உட்கார்ந்துவிடுவாள். இதையெல்லாம் யோசித்தேன். பிறகு அப்படியே ஏழாம் தடத்தில் வைத்துச் சேமித்தேன்.

பையன் லைனில் வந்தான். "கண்ணு எப்படிம்மா?" என்றான். நன்றாக இருக்கிறது என்றேன். "எந்தத் தடம்?" என்றான். "ஏழு" என்றேன். டிப்போவில் உங்கள் குரல் வந்ததும் "யாரும்மா இது, அத்தை மாதிரி இருக்கு?" என்றான். "ரோட்டைப் பாத்து ஓட்டு" என்றேன். பாலத்தில் தள்ளாதீங்க என்றதும் சிரித்துவிட்டான். பிரசவ ஆஸ்பத்திரியில் நிறுத்தினான். கதவு திறந்தது. மருமகள் பேசினாள்.

கதவு திறந்தபடியே இருந்தது. கொஞ்ச நேரம் கழித்து, "அம்மா, என்ன நடந்துச்சு?" என்றான். எல்லாவற்றையும் சொன்னேன். நான்கு ஃபோல்டர், அடுக்குமாடி, தபால்காரர், காய்கறி மார்க்கெட், எல்லாம். உங்கள் மேல் அவனுக்குக் கோபம் இல்லை. "அத்தை நூலகத்துல உக்காந்து பஸ் கேம் படிச்சாங்களா?" என்று திரும்பத் திரும்பக் கேட்டான். அப்புறம், "அவ அங்க எப்படிம்மா இருக்கா? என்கிட்ட ‘நல்லா இருக்கேன்’னு மட்டும்தான் சொல்றா" என்றான். அவனும் அவளும் ஒரே பள்ளியில் படித்தவர்கள் போலிருக்கிறது. நானும் எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். அடுத்த ஞாயிறு அவளும் போனில் இருந்தபடி எங்களோடு வரட்டும் என்றேன். எந்த நிறுத்தத்தில் ஏறுவது என்று அவளே முடிவு செய்யட்டும். அவளிடம் இதையெல்லாம் நீங்களே சொல்லிவிடுங்கள். இனி மாடியில் போய்ப் படிக்க வேண்டியதில்லை.

பையன் பஸ்ஸை எடுக்கவே இல்லை. அந்த அறிவிப்பை மறுபடி போட முடியுமா என்றான். மறுபடி கதவை மூடித் திறந்தால் வரும் என்றேன். மூடித் திறந்தான். மறுபடியும் மூடித் திறந்தான்.

நேரம் தாண்டினால் கண்ட்ரோல் ரூமில் சிவப்பு விளக்கு எரியும். நேற்று எரிந்துகொண்டே இருந்தது. பின்னால் மற்ற பஸ்களெல்லாம் வந்து வரிசையாக நின்றுவிட்டன. ‘பஸ்ஸை எடு’ என்று சொல்ல நான் மைக்கை எடுக்கவில்லை.

உங்கள் சம்பந்தி